ஆண்டுக்கு ஒரே இரவு உதிரும் ஒளி: என் கதை உலகத்துக்கு ஒரு காரணம் வேண்டும்

உப்பங்கழி:

மூன்று வருடமாக ஒரு கதை எழுதிக்கொண்டிருக்கிறேன். கழிமுகத்தில் மரக்கால்கள் மேல் நிற்கும் ஓர் ஊர். வானத்தில் இரண்டு நிலவுகள். ஆண்டுக்கு ஒரு முறை, நாணல் பூத்து ஓய்ந்த பிறகு, ஓர் இரவு பச்சையும் வெள்ளையுமாக ஒளி உதிரும். ஊரார் அதை ‘உதிரிரவு’ என்பார்கள். அன்று கரையில் ஒரு விளக்குகூட எரியாது. அந்த ஆண்டு இறந்தவர்களின் பெயரை, ஒளி விழ விழ, வீட்டுக்கு ஒருவர் உரக்கச் சொல்வார்கள். நாயகி தன் அம்மாவின் பெயரைச் சொல்ல மறுக்கும் அத்தியாயம்தான் கதைக்கே அச்சாணி.

என் தங்கை அதைப் படித்துவிட்டு, “ஏன் அண்ணா, வருஷா வருஷம் அதே ராத்திரி?” என்று கேட்டாள். என்னிடம் பதில் இல்லை. இந்த உலகத்தில் மந்திரம் உண்டு, ஆனால் வானத்தின் மேல் அதற்கு அதிகாரம் இல்லை என்று முதல் அத்தியாயத்திலேயே எழுதிவிட்டேன். அதை மீற மனம் வரவில்லை.

இப்போது எழுதியிருப்பது இது: அந்தி சாய்ந்ததும் தொடங்குகிறது, மழைத்தாரைபோல நேராக விழுகிறது, பெரும் இரைச்சல் கேட்கிறது. இதில் எது நிற்கும், எது நிற்காது?

பின்னிரவு:

தங்கை கேட்டது நல்ல கேள்வி. உங்கள் உதிரிரவை எரிநட்சத்திரப் பொழிவாக வைத்துக்கொள்ளுங்கள். வால்வெள்ளி போகும் வழியெல்லாம் தூசியைச் சிந்திக்கொண்டே போகும். அந்தத் தூசி ஓர் ஓடைபோல அதே பாதையில் சுற்றிக்கொண்டிருக்கும். உங்கள் உலகத்தின் பாதை அந்த ஓடையை ஓரிடத்தில் வெட்டினால் போதும், ஒவ்வோர் ஆண்டும் அங்கே வரும்போது ஒளி உதிரும். வால்வெள்ளி பக்கத்தில் இருக்கவேண்டும் என்பதே இல்லை. நமக்கு பெர்சீட் என்னும் எரிநட்சத்திரப் பொழிவைத் தரும் ஸ்விஃப்ட்-டட்டில் வால்வெள்ளி சுமார் 133 ஆண்டுக்கு ஒரு முறைதான் சூரியனை நெருங்குகிறது. கடைசியாக வந்தது 1992-ல். பொழிவோ ஒவ்வோர் ஆகஸ்ட் 12, 13 வாக்கில் தவறாமல் உச்சத்துக்கு வருகிறது.

இரைச்சலை எடுத்துவிடுங்கள். பெரும்பாலும் மணல் பருக்கை அளவுத் துகள்கள் அவை, ஏறக்குறைய 100 கிலோமீட்டர் உயரத்திலேயே எரிந்து தீர்ந்துவிடும். நான் ஒரு முறை ஜெமினிட் என்னும் இன்னொரு பொழிவை விடியும் வரை தரையில் படுத்துப் பார்த்தேன். இரண்டு மணிக்கு மேல் எண்ணுவதையே விட்டுவிட்டேன், அவ்வளவு விழுந்தன. ஆனால் ஒரு சத்தமும் இல்லை. அந்த அமைதியில் பெயர் சொல்லும் குரல்கள் மட்டும் கேட்டால் எப்படி இருக்கும் என்று யோசித்துப் பாருங்கள்.

நேராக விழுவதும் சரிவராது. துகள்கள் ஒன்றுக்கொன்று இணையாகத்தான் வருகின்றன, ஆனால் தண்டவாளம் தொலைவில் ஒரு புள்ளியில் கூடுவதுபோல, அவை வானத்தின் ஒரே இடத்திலிருந்து நாலாபுறமும் சிதறுவதாகத் தெரியும். அங்கிருக்கும் விண்மீன்களுக்கு உங்கள் ஊரார் கட்டாயம் ஒரு பெயர் வைத்திருப்பார்கள். அப்புறம், நேரம். நள்ளிரவுக்குப் பிறகுதான் நாம் இருக்கும் பக்கம் உலகம் ஓடும் திசையைப் பார்த்துத் திரும்புகிறது. மழையில் ஓடுகிறவனுக்கு முதுகைவிட முகம் அதிகம் நனைகிற மாதிரிதான். காட்சியை விடியலுக்கு முந்தைய இருட்டுக்குக் கொண்டுபோங்கள்.

கண்ணாடித்துண்டு:

பச்சை நிற்கும். துகளில் உள்ள மக்னீசியம் நீலப்பச்சையாக ஒளிரும், சோடியம் மஞ்சளாக. வேகத்தையும் யோசியுங்கள். லியோனிட் என்னும் பொழிவின் துகள்கள் கிட்டத்தட்ட எதிரே வந்து மோதுவதால் நொடிக்கு 71 கிலோமீட்டர், ஜெமினிட் 35 அளவில்தான். வேகமாக வருபவற்றில் சில, பின்னால் ஓர் ஒளித்தடத்தை விட்டுப்போகும். அது சில நிமிடங்கள்கூட நின்று, மேல்காற்றில் மெல்ல வளைந்து நெளியும். ஒரு பெயரைச் சொல்லி முடிக்க அது போதும்.

எனக்கு உறுத்துவது உங்கள் இரண்டு நிலவுகள். முழுநிலவு வெளிச்சத்தில் மங்கலானவை எல்லாம் மறைந்துவிடும். இரண்டு நிலவும் சேர்ந்து நிறையும் ஆண்டில் சொல்ல வேண்டிய பெயர்களுக்கு ஒளி போதாது. அந்த ஆண்டு என்ன செய்வது என்று ஊருக்கு ஒரு வழக்கம் இருந்தாக வேண்டும்.

பழஞ்சுவடி:

பின்னிரவு சொன்னதில் ஒன்றைச் சேர்க்கிறேன். ‘அதே இரவு’ நெடுங்காலத்துக்கு அதே இரவாக இருக்காது. நம் பூமியையே எடுத்துக்கொள்ளுங்கள். பருவங்கள் திரும்பிவரும் ஆண்டைவிட, விண்மீன்களை வைத்துக் கணக்கிடும் ஆண்டு சுமார் 20 நிமிடம் நீளம். ஏறத்தாழ 71 ஆண்டில் அது ஒரு நாள் ஆகிவிடும். ஓடையும் தன் பங்குக்கு மெல்ல இடம் மாறும். லியோனிட் பொழிவு 902-ல் அக்டோபர் நடுவில் பதிவாகியிருக்கிறது. 1833-ல் அது பெரும் எரிநட்சத்திரப் புயலாக வந்தது நவம்பர் 12, 13-ல். இப்போது நவம்பர் 17 வாக்கில் வருகிறது. இடையில் நாட்காட்டி மாறியதும் இதில் ஒரு பங்கு.

நீங்கள் உதிரிரவை நாணல் பூப்பதோடு கட்டியிருக்கிறீர்கள். நாணல் பருவத்தைப் பார்த்துப் பூக்கும், ஒளி வேறு கணக்கில் வரும். எழுநூறு ஆண்டில் இரண்டும் பத்து நாள் விலகிப்போகும்.

ஓடைக்கு விளிம்பும் உண்டு. பெர்சீட் ஜூலை நடுவிலேயே ஒன்றிரண்டாக விழத் தொடங்கிவிடும், உச்சம் வருவது பல நாள் கழித்துத்தான். தப்பான நாளில் கூடினாலும் சில விழத்தான் செய்யும்.

உப்பங்கழி:

நேற்று இதைப் படித்ததிலிருந்து தூங்கவில்லை. நாயகி ஏன் மறுக்கிறாள் என்று மூன்று வருடமாக எனக்கே தெளிவாகத் தெரியாது. இப்போது தெரிகிறது.

ஊர்ப் பெரியவர்கள் பழைய பாட்டை வைத்து, நாணல் பூத்து ஓய்ந்த மறுநாள் என்று இரவைக் குறிக்கிறார்கள். கூடுகிற இடம் ஓடையின் விளிம்பு. கொஞ்சம்தான் விழுகிறது. வானம் கஞ்சத்தனம் பிடித்துவிட்டது, நாம் ஏதோ பாவம் செய்திருக்கிறோம் என்று தலைமுறையாக நம்புகிறார்கள். அம்மா மட்டும் இரவுகளை ஒரு கயிற்றில் முடிச்சுப் போட்டு எண்ணியவள். இன்னும் பத்து முடிச்சு போகட்டும் என்று சொல்லிச் சொல்லியே இறந்துபோனவள். ஊரோடு நிற்கும்போது மகள் வாயைத் திறக்காததற்குக் காரணம் அந்தக் கயிறு.

பத்தாம் முடிச்சன்று, விடியலுக்கு முன்னால், அவளைத் தனியாகத் துடுப்புப் போடவைக்கப் போகிறேன். சின்ன நிலவு மட்டும் தேய்ந்து கிடக்கும். கண்ணாடித்துண்டு, அது போதுமான இருட்டுதானே?