ஈரி வழக்கில் ஒரு குழப்பம், அமெரிக்கச் சட்டம் படித்தவர்கள் உதவுங்கள்

1934-இல் பென்சில்வேனியாவில், ராத்திரி தண்டவாளத்தை ஒட்டிய ஒற்றையடிப் பாதையில் நடந்து போன டாம்ப்கின்ஸ் என்பவரை, ஓடிக்கொண்டிருந்த சரக்கு ரயிலில் நீட்டிக்கொண்டிருந்த ஏதோ ஒன்று (கதவு மாதிரி என்றார்) அடித்து வலது கை போய்விட்டது. அந்த மாநிலச் சட்டப்படி அவர் அத்துமீறி நடந்தவர், நஷ்டஈடு கிடைப்பது கஷ்டம். ஈரி ரயில்வே நியூயார்க் கம்பெனி என்பதால் வக்கீல்கள் அங்கே உள்ள கூட்டாட்சி நீதிமன்றத்தில் வழக்குப் போட்டார்கள், சாமர்த்தியம்தான், ஜூரி 30,000 டாலர் கொடுத்தது. காரணம், 1842-இல் ஸ்விஃப்ட் எதிர் டைசன் வழக்கில் நீதிபதி ஸ்டோரி எழுதிய தீர்ப்பு: பொதுவான சட்ட விஷயங்களில் மாநில நீதிமன்றம் சொன்னது கூட்டாட்சி நீதிபதிகளைக் கட்டுப்படுத்தாது.

1938 ஏப்ரல் 25 அன்று உச்ச நீதிமன்றம் இந்த ஸ்விஃப்ட் விதியைத் தூக்கிப் போட்டது. கூட்டாட்சிக்கென்று பொதுவான நீதிபதிச் சட்டம் (common law, அதாவது நீதிபதிகள் தீர்ப்புகள் வழியாக உருவாக்கும் சட்டம்) எதுவும் கிடையாது என்று எழுதியவர் நீதிபதி பிராண்டைஸ். சரி, இதுவரை புரிகிறது.

ஆனால் அதே நாளில் அதே பிராண்டைஸ், கொலராடோவும் நியூ மெக்சிகோவும் பங்கிடும் லா பிளாட்டா ஆற்று வழக்கில், மாநிலங்களுக்கு இடையிலான நீர்ப் பங்கீடு கூட்டாட்சி நீதிபதிச் சட்டக் கேள்வி என்கிறாரே! அப்புறம் எது போனது, எது மிஞ்சியது? 'பொதுவான' என்ற சொல்லில்தான் எல்லாம் இருக்கிறதா, இல்லை மாநிலங்களுக்கு இடையிலான தகராறு என்பதால் விதிவிலக்கா? கடல்சார் வழக்குகளையும் இதில் எங்கே வைப்பது? எளிமையாக விளக்கும் கட்டுரை இருந்தாலும் சொல்லுங்கள், அடுத்த வாரம் வகுப்பில் நான்தான் பேச வேண்டும்.