கையில் காசில்லாமல் பி.எஃப்.ஏ. தேர்வுக்கு வரைந்து பழக வழி?

குடியாத்தம்_மாணவி:
அண்ணா, அக்கா, வணக்கம். அரசுப் பள்ளியில் +2 படிக்கிறேன். சென்னை அரசு கவின் கலைக் கல்லூரியில் பி.எஃப்.ஏ. (கவின் கலை இளங்கலைப் பட்டம்) சேர்ந்து ஓவியம் படிக்க ஆசை. அப்பா தறி நெய்கிறார். தனி வகுப்புக்கு வழியில்லை. பழக எதெல்லாம் கட்டாயம் வேண்டும்? சேர்ந்தபின் செலவுக்கு என்ன செய்வது?

கரிக்கோடு:
இப்போதைக்கு வண்ணம் வாங்காதேம்மா. ஹெச்பி, 2பி, 6பி பென்சில் ஒவ்வொன்று போதும் (பி எண் கூடக் கூட மென்மையும் கருமையும் கூடும்). மற்றதைக் கரிக்குச்சியில் (சார்கோல்) பழகு, அதை வீட்டிலேயே செய்யலாம். பென்சில் கனத்தில் புளியங்குச்சி வெட்டிப் பட்டை உரித்து, நிழலில் காயவைத்து, அரைச் சாணாக நறுக்கு. தகர டப்பாவில் நெருக்கி அடுக்கி, இடுக்கில் உலர்ந்த மணல் கொட்டு. மூடியில் ஆணியால் ஓர் ஓட்டை போட மறக்காதே, இல்லையென்றால் ஆவி முட்டி மூடி தெறிக்கும். வாசலில் விறகடுப்பு மூட்டி வை. ஓட்டையில் புகை நின்றதும் இறக்கு. நன்றாக ஆறும்வரை திறக்கவே கூடாது. சூட்டோடு காற்றுப் பட்டால் கரி கனன்று சாம்பலாகிவிடும்.

கோட்டை_நிழல்:
மாதிரிக்கு வேலூர் கோட்டைக்குப் போங்க. ஜலகண்டேஸ்வரர் கோயில் கல்யாண மண்டபத் தூண்களில் யாளியும் குதிரை வீரர்களும் இருக்கிறார்கள். எடுத்ததுமே நகை, பிடரி என்று இறங்கினால் உருவம் கோணிப்போகும். குதிரையின் முதுகுக்கோடு, தூக்கிய முன்கால்களின் சாய்வு, இவை இரண்டும் முதலில். உருவத்தின் பாகங்களை ஒப்பிட, கையை நீட்டிப் பென்சிலால் அளக்கும்போது முழங்கை மடங்கினால் அளவே மாறிவிடும். வெயில் நகர நிழலும் நகரும். ஆரம்பத்திலேயே நிழலின் விளிம்பைக் குறித்துவிட்டு, கடைசிவரை அதையே வைத்து முடியுங்க.

குடியாத்தம்_மாணவி:
கரி செய்தேன் அண்ணா. சில குச்சி தாளைக் கீறுது, கோடும் பழுப்பா விழுது.

கரிக்கோடு:
உள்ளே வேகவில்லை. உடைத்துப் பார், நடுவில் பழுப்பாக இருக்கும். அவற்றை மட்டும் மறுபடி டப்பாவில் போட்டு எரி. தடித்ததையும் மெல்லியதையும் கலந்து அடுக்காதே. வழவழப்பான தாளில் கரி பிடிக்காது. அச்சகத்தில் மீந்த நியூஸ்பிரிண்ட் (செய்தித்தாள் அச்சிடும் தாள்) கேட்டுப் பார். பழகுவதற்கு அருமை, ஆனால் சீக்கிரம் மஞ்சளாகிவிடும். எடுத்து வைக்க வேண்டிய படங்களைக் கார்ட்ரிட்ஜ் தாளில் (கெட்டியான வரைதாள்) போடு.

காட்பாடி_ரயில்:
செலவு விஷயம். 6 முதல் 12 வரை அரசுப் பள்ளி என்றால் கல்லூரி சேரும் மாணவிகளுக்கான தமிழக அரசின் புதுமைப்பெண் திட்டத்தில் மாதம் ரூ.1,000 வரும். வங்கிக் கணக்கில் ஆதாரை இணைத்து வையுங்கள், பணம் தடைபடுவது பெரும்பாலும் அங்கேதான். சீசன் டிக்கெட்டில் தினம் போய்வரும் யோசனை வேண்டாம். காட்பாடியிலிருந்தே சென்னை சுமார் 130 கி.மீ.; நான்கு வருடம் வரைபலகையோடு அலைந்தால் மாலையில் வரையத் தெம்பிருக்காது. அரசு நல விடுதியில் தங்கலும் சாப்பாடும் இலவசம். சாதி, வருமானச் சான்றிதழ்களை இ-சேவை மையத்தில் இப்போதே விண்ணப்பித்து வாங்கி வையுங்கள்.