யானகாவில் அத்தையோடு மூன்று மணி நேரம்

ஜப்பானின் பழைய குடியிருப்புகளில் வழிகாட்டியுடன் உணவு நடை போனவர்கள் தங்கள் அனுபவத்தைச் சொல்லலாம் என்று கேட்டிருந்தீர்கள். சென்ற ஜூலையில் என் மாமியாரோடு டோக்கியோவின் யானகாவில் நடந்ததை எழுதுகிறேன்.

முந்தைய நாள் நடந்ததிலிருந்து தொடங்க வேண்டும். அத்தைக்கு வயது 68. முட்டைகூடத் தொடாதவர். விடுதிக்கு அருகில் இருந்த ஒரு கடையில், இறைச்சி இல்லாத உணவு வேண்டும் என்று கேட்டு, காய்கறி டெம்புராவும் சோபா நூடுல்ஸும் வாங்கிக் கொடுத்தேன். நன்றாக இருக்கிறது என்று ரசித்துச் சாப்பிட்டார். தொட்டுக்கொள்ளக் கொடுத்த சாறு மீனில் இறக்கியது என்பது கிண்ணம் காலியான பிறகுதான் தெரிந்தது. அத்தை என்னை ஒரு வார்த்தை கடிந்துகொள்ளவில்லை. அறைக்கு வந்து தலைக்குக் குளித்தார். இரவுச் சாப்பாடு வேண்டாம் என்று சொல்லிவிட்டுச் சுவர்ப்பக்கம் திரும்பிப் படுத்துவிட்டார். திட்டியிருந்தால் எனக்குத் தூக்கம் வந்திருக்கும்.

மறுநாள் காலை நிப்போரி ரயில் நிலையத்தின் மேற்கு வாசலில் வழிகாட்டி காத்திருந்தார். எழுபதை நெருங்கும் அம்மையார். அந்தத் தெருக்களிலேயே பிறந்து வளர்ந்தவர். விஷயத்தைச் சொன்னேன். அவர் நடையைத் தொடங்கவே இல்லை. அத்தையை ஒரு பெஞ்சில் உட்காரவைத்து, தானும் பக்கத்தில் அமர்ந்து, தாஷி என்றால் என்ன என்று விளக்கத் தொடங்கினார். எங்களோடு வந்திருந்த ஆஸ்திரேலியத் தம்பதியும் பொறுமையாக நின்று கேட்டார்கள்.

நமக்குப் புளிக்கரைசலும் பருப்புத் தண்ணீரும் போல அவர்களுக்குத் தாஷி. சூரை மீனை வேகவைத்து, புகையில் உலர்த்தி, கட்டையாக்கிச் சீவினால் அது கட்சுவோபுஷி. அதை வெந்நீரில் போட்டு வடித்தால் ஒரு தாஷி. கொம்பு என்னும் கடற்பாசியை ஊறவைத்தால் இன்னொன்று. உலர்ந்த ஷிடாக்கே காளானிலும் எடுப்பார்கள். பெரும்பாலான கடைகளில் மீனும் கொம்புவும் சேர்ந்துதான் கொதிக்கும். தட்டில் மீன் துண்டு கண்ணில் படாததால், பரிமாறுகிறவருக்கு அது மீன் உணவு என்ற நினைப்பே வராது. “உங்களை யாரும் ஏமாற்றவில்லை. எங்களுக்கு அது தண்ணீர் மாதிரி” என்றார் அம்மையார். கொம்புவின் ருசி எதிலிருந்து வருகிறது என்று 1908இல் கண்டுபிடித்து, அந்தச் சுவைக்கு உமாமி என்று பெயர் வைத்த இக்கேதா கிகுனாயே வேலை பார்த்த பல்கலைக்கழகம் இங்கிருந்து நடந்து போகும் தூரம்தான் என்று கைநீட்டிக் காட்டினார். பிறகு பையிலிருந்து ஓர் அட்டையை எடுத்து ஜப்பானிய மொழியில் ஐந்தாறு வரிகள் எழுதி, இரண்டு கைகளாலும் அத்தையிடம் கொடுத்தார். அத்தையும் எழுந்து நின்று இரண்டு கைகளாலும் வாங்கிக்கொண்டார்.

அப்புறம்தான் நடந்தோம். 1923 செப்டம்பர் நிலநடுக்கத்திலும், 1945இல் டோக்கியோ மீது பொழிந்த தீக்குண்டுகளிலும் நகரத்தின் பெரும்பகுதி அழிந்தது. யானகா அடி வாங்கினாலும் பெருமளவு தப்பிவிட்டது. அதனால்தான் இந்த மரவீடுகளும், எழுபதுக்கும் மேற்பட்ட கோயில்களும், இரண்டு பேர் உரசிக்கொண்டு போகும் சந்துகளும் இன்னும் இருக்கின்றன. யானகா, நெசு, செண்டாகி மூன்றையும் சேர்த்து யானேசென் என்கிறார்கள். 1984இல் இப்பகுதிப் பெண்கள் மூவர் தொடங்கி 25 ஆண்டுகள் நடத்திய ஓர் ஊர் இதழால் பரவிய பெயர் அது. தங்கள் தெருவின் முதியவர்களிடம் கேட்டுக் கேட்டு எழுதிய இதழ் என்று சொல்லும்போது அம்மையாரின் குரலில் பெருமை தெரிந்தது.

ஒவ்வொரு கடை வாசலிலும் எங்களை நிறுத்திவிட்டு, அவர் மட்டும் உள்ளே போவார். கேட்டுவிட்டு வாசலுக்கு வந்து, அத்தையைப் பார்த்துத் தலைக்கு மேல் இரண்டு கைகளையும் வட்டமாகக் கோத்துக் காட்டினால் சாப்பிடலாம். மார்புக்கு முன் கைகளைக் குறுக்காக வைத்தால் கூடாது. மூன்றாவது கடைக்குள் அத்தையும் அதைக் கற்றுக்கொண்டு, சாலையின் இந்தப் பக்கத்திலிருந்தே கேள்வியாகக் கைகளை உயர்த்தினார். முந்தைய இரவுக்குப் பிறகு அவர் சிரித்தது அப்போதுதான்.

சென்பே சுடும் கடையில்தான் நாங்கள் அதிக நேரம் நின்றோம். அரிசி மாவை ஆவியில் வேகவைத்து, இடித்து, வட்டமாக வெட்டி, உலர்த்தி வைத்திருக்கிறார்கள். சுடுவதற்கு முன் அது வெளிறிய, கெட்டியான தகடு. கடைக்காரர் கம்பி வலைமேல் வரிசையாகப் பரப்பி, கீழே கரித்தணல் சீராக இருக்கிறதா என்று குனிந்து பார்த்தார். சூடு ஏறியதும் தகடு முனகியபடி வளையத் தொடங்குகிறது. வளைந்த அந்த நொடியில், கைப்பிடி வைத்த ஒரு பீங்கான் வில்லையால் அழுத்துகிறார், திருப்புகிறார், மறுபடி அழுத்துகிறார். எங்கே விட்டாலும் அங்கே கொப்புளம் எழும்பிக் கருகிவிடும். ஒரு நிமிடத்தில் எத்தனை முறை திருப்பினார் என்று எண்ணிப் பார்த்தேன், பாதியில் கணக்கு விட்டுப்போனது. நிறம் ஏறியதும் எடுத்துச் சோயா சாஸை ஒரு பூச்சு. சூட்டில் பட்டதும் எழுந்த மணத்தில் அத்தை கண்ணை மூடிக்கொண்டு, “இது அரிசி வடாம் சுட்ட வாசனைதானே!” என்றார். வேகவைத்து, காயவைத்து, நெருப்பில் காட்டுவது: வேலை ஒன்றுதான். இதை மொழிபெயர்த்துச் சொன்னதும், கடைக்காரர் சுடாத தகடு ஒன்றை அத்தையின் உள்ளங்கையில் வைத்தார். அத்தை அதை விரலால் தட்டிப் பார்த்து, “வெயில் போதவில்லை என்றால் இது வளையாது, வெடிக்கும். கேள்” என்றார். கேட்டோம். ஈரம் மிஞ்சினால் சரியாக வராது என்று கடைக்காரர் தலையை வேகமாக ஆட்டினார்.

டோஃபு கடையில் நிகாரி என்ற சொல்லைக் கற்றேன். கடல்நீரில் உப்பு எடுத்தபின் மிஞ்சும் கசப்பு நீர் அது. அதை விட்டுத்தான் சோயா பாலைத் திரிக்கிறார்கள். யானகா கின்சா கடைத்தெரு சுமார் 170 மீட்டர்தான். கொத்திறைச்சியை உருட்டி ரொட்டித்தூளில் புரட்டிப் பொரிக்கும் மென்ச்சி கட்சுவுக்குப் பெயர்போனது. அத்தைக்குக் குறுக்குக் கை. மாட்டிறைச்சி என்பதால் எனக்கும் வேண்டாம். ஆஸ்திரேலியத் தம்பதி கடை வாசலிலேயே ஒதுங்கி நின்று சாப்பிட்டு, எண்ணெய்க் காகிதத்தைக் கடையிலேயே திருப்பிக் கொடுத்தார்கள். கடித்துக்கொண்டே நடப்பது அங்கே மரியாதை இல்லை. தெருவில் குப்பைத்தொட்டியும் கிடைக்காது. 1995இல் டோக்கியோ சுரங்க ரயிலில் நடந்த சாரின் நச்சுவாயுத் தாக்குதலுக்குப் பிறகு பொது இடங்களில் பெரும்பாலும் எடுத்துவிட்டார்கள். இறைச்சி பற்றியும் அம்மையார் ஒன்று சொன்னார். 675இல் ஒரு பேரரசர் மாடு, கோழி உள்ளிட்ட சில இறைச்சிகளுக்குத் தடை போட்டார். 1872இல் மெய்ஜி பேரரசர் மாட்டிறைச்சி உண்டார் என்ற செய்தி வந்த பிறகே அது நாட்டில் பரவலாயிற்று. “என் கொள்ளுப்பாட்டியும் உங்களைப் போலத்தான் இருந்திருப்பார்” என்றார் அத்தையிடம்.

காய்கறிக் கடையில் இலையோடு கட்டி வைத்த இளம் இஞ்சி இருந்தது. இந்த வகைக்கே யானகா என்றுதான் பெயர். ஒரு காலத்தில் இங்கே விளைந்ததாம். மிசோ என்னும் புளித்த சோயா விழுதைத் தொட்டுப் பச்சையாகக் கடிக்கிறார்கள். அந்த மிசோவில் தாஷி கலந்திருக்கிறதா என்று அம்மையார் டப்பாவைத் திருப்பி, பொடி எழுத்தை மூக்கருகே வைத்துப் படித்துவிட்டுத்தான் வட்டம் காட்டினார். அத்தை மூன்று துண்டு சாப்பிட்டார்.

கடைசியாக மூன்று சந்துகள் கூடும் ஒரு முனையில், சிறிய ரொட்டிக் கடையை அணைத்தபடி நிற்கும் ஒரு பெரிய மரத்தைக் காட்டினார். இமயமலைத் தேவதாரு. அந்தக் கடைக்காரரின் முன்னோர் தொட்டியில் வைத்து வளர்த்த செடி இப்படி ஆகியிருக்கிறது. அத்தை மரத்தைத் தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொண்டார். அம்மையாரும் அப்படியே செய்தார்.

— மதுரையிலிருந்து

*

அக்கா, நீங்கள் எழுதிய கட்சுவோபுஷியை வாசித்ததும் என் அனுபவத்தைச் சொல்லாமல் இருக்க முடியவில்லை. நான் நடந்தது அதே டோக்கியோவில், சுகுடாஜிமாவில். ஒசாகாப் பக்கத்துச் சுகுடா என்ற ஊரின் மீனவர்களுக்குத் தொக்குகவா படைத்தலைவர்கள் ஆண்ட 17ஆம் நூற்றாண்டின் முற்பகுதியில் கொடுக்கப்பட்ட இடம் அது. சிறு மீனையும் மட்டியையும் சோயா சாஸில் நீர் வற்ற வேகவைத்து அவர்கள் செய்த சுகுடானி, கெட்டுப்போகாது என்பதால் நாடு முழுக்கப் போனது. 1964இல் பாலம் திறக்கும்வரை எதிர்க்கரையிலிருந்து நேராக அங்கே போக ஓடம்தான். இப்போது உயரமான கட்டடங்கள் சூழ்ந்து நிற்கின்றன. நடுவில் பழைய கடைகளிலிருந்து சோயா சாஸ் காய்ச்சும் மணம் வருகிறது.

எங்கள் வழிகாட்டி இளம் பையன். ஒரு வீட்டுத் திண்ணை போன்ற இடத்தில் உட்காரவைத்து, ஒரு மரப்பெட்டியை எடுத்தான். மேலே இழைப்புளியைக் கவிழ்த்துப் பதித்திருந்தது. விறகுத்துண்டு மாதிரி ஒரு கட்டையை அதன்மேல் வைத்து இழைத்தான். கட்டையும் கட்டையும் தட்டினால் கணீரென்று சத்தம் கேட்கிறது. பெட்டியின் இழுப்பறையை இழுத்தால், ஒளி ஊடுருவும் இளஞ்சிவப்புச் சுருள்கள். நான் ஒன்றை வாயில் போட்டேன். எங்கள் அம்மம்மா சம்பலுக்கு மாசிக் கருவாடு இடிக்கும்போது உரலடியில் இருந்து பொறுக்கித் தின்ற அதே ருசி!

அதே சூரை மீன், அதே அவித்தல், அதே புகை. மாசியைப் பற்றி நான் சொல்ல, அவன் வியந்து குறிப்பெடுத்துக்கொண்டான். அவர்களுடைய உயர்ந்த வகைக்கு மட்டும் கூடுதலாக ஒரு வேலை இருக்கிறது. பூஞ்சணம் பிடிக்கவிட்டு, வெயிலில் காயவைத்து, திரும்பவும் பூஞ்சணம் பிடிக்கவிட்டு, மாதக்கணக்கில் செய்கிறார்கள். ஈரமும் கொழுப்பும் அப்படிக் குறைகின்றன. நாங்கள் உரலில் இடிக்கிறோம், அவர்கள் இழைக்கிறார்கள். நான் ஒரு கட்டை வாங்கிவந்து அம்மாவிடம் கொடுத்தேன். முகர்ந்து பார்த்துவிட்டு, மாசிப் போத்தலுக்குப் பக்கத்தில் வைத்துவிட்டார்.

அந்த அட்டையில் என்ன எழுதியிருந்தது, அக்கா? என் தோழி ஒருத்தி சைவம், அடுத்த மாதம் போகிறாள்.

— யாழ்ப்பாணத்திலிருந்து

*

என் அனுபவம் நல்லபடியாக இல்லை, ஆனாலும் சொல்கிறேன். கியோட்டோவின் நிஷிகி அங்காடியில் ஒரு நிறுவனத்தின் வழியாக உணவு நடைக்குப் பணம் கட்டினோம். சுமார் 390 மீட்டர் நீளத்தில் நூற்றுக்கும் மேற்பட்ட கடைகள். இரண்டு மணி நேரத்தில் எட்டுக் கடைகள் என்று கணக்கு. வழிகாட்டி கையில் கடிகாரம். குச்சியில் குத்திய ஒன்றைக் கொடுப்பார், விழுங்கும்முன் அடுத்த கடை. செய்தவர் முகத்தையும் பார்க்கவில்லை, தின்றது என்ன என்றும் பாதிக்குமேல் தெரியவில்லை. மதுரைச் சகோதரியின் பெஞ்சைப் படித்தபோது வயிறு எரிந்தது.

மாலையில் மனம் ஆறாமல் தனியாகத் திரும்பப் போனேன். கடைகள் மூடியிருந்தன. இழுத்துவிட்ட ஷட்டர்களில் சேவல்களும் காய்கறிகளும் ஓவியமாக நின்றன. இத்தோ ஜக்குச்சூவின் ஓவியங்கள் அவை. 1716இல் இதே அங்காடியில் ஒரு காய்கறி மொத்த வியாபாரியின் மகனாகப் பிறந்து, கடையைத் தம்பியிடம் விட்டுவிட்டு ஓவியரானவர். புத்தரின் மகாபரிநிர்வாணத்தையே காய்கறிகளை வைத்து வரைந்திருக்கிறார். நடுவில் புத்தராகக் கிடப்பது ஒரு வெள்ளை முள்ளங்கி. சுற்றி நின்று அழுபவை கத்தரியும் பூசணியும் கிழங்குகளும். பகலில் எட்டுக் கடைகளில் கிடைக்காதது அந்த மூடிய கதவுகளில் கிடைத்தது.

— கோயம்புத்தூரிலிருந்து

*

யாழ்ப்பாணத்துத் தங்கைக்கு: அம்மையார் எழுதியதன் பொருளை அவரே சொல்லி என்னைக் குறித்துக்கொள்ளச் சொன்னார். “நான் இறைச்சி, மீன், கடல் உயிரினங்கள், முட்டை உண்பதில்லை. மீனில் எடுத்த தாஷியும் உண்பதில்லை. கொம்பு, காளான் தாஷி உண்பேன். சோயா சாஸ், மிசோ உண்பேன். தயவுசெய்து தொடுகறிச் சாற்றையும் பாருங்கள்.” கடைசி வரிதான் முக்கியம் என்று அதன்கீழ் இரண்டு கோடு போட்டிருந்தார். உங்கள் தோழியை இதை ஜப்பானிய மொழியில் எழுதி வாங்கிக்கொள்ளச் சொல்லுங்கள்.

அட்டையைப் படமெடுத்து அனுப்ப நினைத்து அத்தையிடம் கேட்டேன். தன் கைப்பையில் குங்குமப் பொட்டலத்தோடு வைத்திருக்கிறார். ஓரத்தில் சோயா சாஸ் கறை. மிசோ டப்பாவைப் படித்தபோது அம்மையாரின் விரலில் இருந்தது பட்டிருக்க வேண்டும் என்கிறார்.

— மதுரையிலிருந்து