ஆர்.டி.ஐ. மனுவுக்கு “வினா வடிவில் உள்ளது” என்று பதில்: அடுத்து என்ன செய்யலாம்?

கரிசல்காட்டான்:
எங்கள் தெருவில் போட்ட சிமென்ட் ரோடு ஒரு மழைக்கே பெயர்ந்துவிட்டது. ஒன்றிய அலுவலகத்துக்கு 10 ரூபாய் கோர்ட் ஃபீ ஸ்டாம்ப் ஒட்டி, தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் (ஆர்.டி.ஐ.) மனு போட்டேன். “ரோடு ஏன் தரமில்லாமல் போடப்பட்டது? யார் பொறுப்பு?” இவ்வளவுதான் கேட்டேன். வந்த பதில் ஒரே வரி: “தாங்கள் கோரியது வினா வடிவில் உள்ளதால் வழங்க இயலாது.” நேராகச் சென்னையில் உள்ள மாநிலத் தகவல் ஆணையத்துக்கே எழுதிவிடலாமா?

மனுநீதி:
அவசரப்படாதீர்கள் தம்பி. முதல் மேல்முறையீடு அதே துறையின் மேல் அலுவலரிடம்தான், பதில் கிடைத்த 30 நாளுக்குள். அங்கும் நடக்கவில்லை என்றால்தான் ஆணையம். அதற்கு 90 நாள் இருக்கிறது.

கேள்விக்குறி இருப்பதாலேயே மறுத்துவிட முடியாது. “எவ்வளவு செலவானது?” என்று கேட்டால், கோப்பில் இருப்பதைத் தந்தாக வேண்டும். ஆனால் “ஏன்” என்பதற்கு விளக்கம் எழுதித்தரும் கட்டாயம் தகவல் அலுவலருக்கு இல்லை. அவர்கள் பதிலில் மேல்முறையீட்டு அலுவலர் யார், எத்தனை நாள் அவகாசம் என்று இருக்கிறதா? 7(8) பிரிவுப்படி இருக்க வேண்டும். இல்லையென்றால் மேல்முறையீட்டில் அதையும் எழுதுங்கள்.

பழைய கிளார்க்:
ஒன்றிய அலுவலகத்தில் பல வருஷம் குப்பை கொட்டியவன் சொல்கிறேன். மேல்முறையீடு ஒரு பக்கம் ஓடட்டும், புதிதாக ஒரு மனுவும் போடுங்கள். அதில் காகிதத்தின் பெயரைச் சொல்லிக் கேளுங்கள்: மதிப்பீடு, பணி உத்தரவு, எம்-புக் (வேலையின் அளவுப் புத்தகம்), பணம் கொடுத்த பில். நான்கிற்கும் சான்றிட்ட நகல்.

இதில் எம்-புக்தான் உயிர். நீளம், அகலம், கனம் எல்லாம் அளந்து எழுதி, பொறியாளர் கையெழுத்துப் போட்டிருப்பார். பெயர்ந்த இடத்தில் நீங்களே ஸ்கேல் வைத்துப் பாருங்கள். புத்தகத்தில் இருக்கிற கனம் ரோட்டில் இல்லையென்றால் ஏன், எதற்கு என்று யாரையும் கேட்கவே வேண்டாம்.

கரிசல்காட்டான்:
இதெல்லாம் உங்களுக்கு எதற்கு என்று கேட்டால், ஐயா?

பழைய கிளார்க்:
கேட்கக்கூடாது, 6(2) பிரிவு. தொடர்புக்கான விவரம் மட்டும் போதும். வேறு துறை போட்ட ரோடு என்று தட்டிக்கழித்தால் 6(3). மனுவை 5 நாளுக்குள் அவர்களே அங்கே அனுப்ப வேண்டும்.

மனுநீதி:
2(j) பிரிவில் வேலையை நேரில் ஆய்வு செய்யவும், பொருளின் சான்றிட்ட மாதிரி வாங்கவும் உரிமை உண்டு. சிமென்ட் ரோட்டில் ஒரு துண்டையே கேட்கலாம்! பலருக்கும் இது தெரியாது.

தபாலில் அனுப்பினால் ஒப்புகைச் சீட்டைப் பத்திரமாக வையுங்கள். பதில் தர அவர்களுக்கு உள்ள 30 நாள் கணக்கு, மனு அவர்கள் கைக்குப் போன நாளிலிருந்துதான். அதைத் தாண்டினால் நகல் இலவசம். காரணமில்லாமல் இழுத்தடித்தால் ஆணையம் நாளொன்றுக்கு 250 ரூபாய் வீதம் 25,000 வரை அபராதம் போடலாம். போடுகிறார்களா என்பது வேறு கதை.

கரிசல்காட்டான்:
சரி ஐயா. வேலையின் பெயரும் நிதியாண்டும் ரோட்டோரப் பலகையில் இருந்தன, போட்டோ எடுத்துவிட்டேன். அதையே மனுவில் எழுதிவிடுகிறேன்.