51 தவணை கட்டியாச்சு, கடன் ஒன்றரை லட்சம்தான் குறைந்திருக்கிறது. இது சரியா?

பனியன்ஊரான் எழுதியது:

எல்லோருக்கும் வணக்கம். திருப்பூரில் ஒரு பனியன் கம்பெனியில் மெர்ச்சன்டைசராக இருக்கிறேன், வயது 39. 2021 செப்டம்பரில் அவிநாசி ரோட்டுப் பக்கம் ஒரு தனி வீடு வாங்கினோம். விலை 36 லட்சம். வங்கிக் கடன் 30 லட்சம், மாறும் வட்டி, அன்றைக்கு 6.9 சதவீதம். 20 வருடம், மாதம் 23,079 ரூபாய். அந்த 30 லட்சத்துக்குள்ளேயே 80,000 ரூபாய் காப்பீட்டு பிரீமியத்தையும் சேர்த்துவிட்டார்கள். பத்திரச் செலவு அப்போது 11 சதவீதம், கிட்டத்தட்ட 4 லட்சம். அதைக் கடனில் சேர்க்க முடியாது என்றார்கள். என் மனைவியின் 12 பவுனை வைத்து 3 லட்சம் நகைக்கடன் வாங்கித்தான் பத்திரம் பதிந்தோம். அந்த நகை இன்னும் வீட்டுக்கு வரவில்லை. வருடா வருடம் 9 சதவீத வட்டியைக் கட்டித் திருப்பி வைத்துக்கொண்டிருக்கிறோம்.

விஷயத்துக்கு வருகிறேன். எங்கள் அம்மாவுக்கு எல்லாவற்றுக்கும் ஒரு நோட்டு உண்டு. பால் கணக்கு, சீட்டுக் கணக்கு, மளிகைக் கடை பாக்கி எல்லாம் அதில்தான். பொங்கலுக்கு முந்தின நாள் அந்த நோட்டோடு என் பக்கத்தில் வந்து உட்கார்ந்து, "வீட்டுக்கு இன்னும் எவ்வளவு சாமி பாக்கி?" என்று கேட்டார். செல்போனில் ஸ்டேட்மென்ட்டைத் திறந்து பார்த்தேன். 2025 டிசம்பர் வரை கட்டியது 51 தவணை, மொத்தம் 12,28,575 ரூபாய். பாக்கி 28,46,937.

அம்மா இரண்டு தடவை கேட்டார். பிறகு, "பன்னண்டு லட்சம் கட்டி ஒன்றரை லட்சம்தான் கழிஞ்சுதா? மீட்டர் வட்டிக்காரனே தேவலையே!" என்றார். எனக்குப் பதில் தெரியவில்லை.

2023 ஏப்ரலில் இஎம்ஐ 24,641 ஆகும் என்று ஒரு குறுஞ்செய்தி வந்தது ஞாபகம் இருக்கிறது. வட்டி இவ்வளவு ஏறியும் 1,562 ரூபாய்தானே கூடியிருக்கிறது, தப்பித்தோம் என்று அன்றைக்கு நினைத்தேன். இப்போது வட்டி 8.15 என்று காட்டுகிறது, மீதி 227 தவணை. வங்கி ஏதாவது தப்பாகப் பிடிக்கிறதா? இல்லை, எனக்குத்தான் கணக்குப் புரியவில்லையா?

ரிட்டயர்டு கேஷியர் எழுதியது:

தம்பி, வங்கி தப்பாகப் பிடிக்கவில்லை. கவுண்டருக்கு அந்தப் பக்கம் 31 வருடம் உட்கார்ந்தவன் சொல்கிறேன். உங்கள் எண்களைக் காகிதத்தில் போட்டுப் பார்த்தேன், ரூபாய் சுத்தமாக ஒத்துப் போகிறது. ஆனால் நடந்தது என்ன என்று உங்களுக்கு யாரும் உட்கார வைத்துச் சொல்லவில்லை. அதுதான் குறை.

முதல் மாதம் நீங்கள் கட்டிய 23,079-இல் வட்டிக்குப் போனது 17,250, அசலுக்குப் போனது 5,829. 30 லட்சத்துக்கு 6.9 சதவீதம் போட்டு 12-ஆல் வகுத்தால் அந்த 17,250 வரும். இதில் ஒளிவுமறைவு இல்லை.

நீங்கள் கடன் வாங்கிய நேரத்தில் ரிசர்வ் வங்கியின் ரெப்போ வட்டி, அதாவது வங்கிகளுக்கு அது கடன் கொடுக்கும் வட்டி, 4 சதவீதம். அதன் மேல் உங்கள் வங்கி 2.9 வைத்திருக்கிறது. 2022 மே மாதம் ஏற ஆரம்பித்த ரெப்போ, 2023 பிப்ரவரியில் 6.5-இல் போய் நின்றது. 2019 அக்டோபருக்குப் பிறகு வங்கிகள் கொடுத்த மாறும் வட்டி வீட்டுக் கடன் எல்லாம் இப்படி வெளியே இருக்கும் ஒரு வட்டியோடு கட்டப்பட்டவை. அது ஏறினால் உங்களுடையதும் ஏறும். 2023 ஏப்ரலில் உங்கள் வட்டி 9.4.

இப்போது பாருங்கள். அந்த மாதம் பாக்கி 29,27,505. அதற்கு ஒரு மாத வட்டி 22,932. பழைய இஎம்ஐ 23,079 கட்டினால் அசலுக்கு மிஞ்சுவது 147 ரூபாய். பிரியாணி சாப்பிட்டால் போய்விடும் அது. அந்த வேகத்தில் கடன் முடிய 54 வருடம் ஆகும். வங்கியே அதற்கு ஒத்துக்கொள்ளாது. அதனால் உங்கள் கடனை 30 வருடக் கடனாக நீட்டி, அதற்கு எவ்வளவு வேண்டுமோ அவ்வளவு மட்டும் இஎம்ஐ-யை உயர்த்தியிருக்கிறார்கள். அந்த 1,562 ரூபாய் வந்த கதை இதுதான். நீங்கள் தப்பிக்கவில்லை தம்பி. 2041-இல் முடிய வேண்டியது 2051-க்குப் போனது. உங்களுக்கு அப்போது 65 வயது.

அன்றைய வட்டியே கடைசி வரை இருந்திருந்தால் இந்த 30 லட்சத்துக்கு நீங்கள் கட்டியிருக்கக்கூடியது 88,42,644. அதே நாளில் கிளைக்குப் போய் "எனக்கு 20 வருடத்திலேயே முடிய வேண்டும்" என்று சொல்லியிருந்தால் இஎம்ஐ 27,860 ஆகியிருக்கும், மொத்தம் 66 லட்சத்தில் முடிந்திருக்கும். மாதம் 3,219 ரூபாய் வித்தியாசத்தில் 22 லட்சம் நிற்கிறது. கடன் வாங்க வருகிறவர்கள் எல்லோரும் "வட்டி எத்தனை சதவீதம்", "இஎம்ஐ எவ்வளவு" என்றுதான் கேட்பார்கள். "எத்தனை மாதம்" என்று கேட்டவர்களை என் சர்வீஸில் விரல் விட்டு எண்ணிவிடலாம். உங்கள் அம்மா சரியான கேள்வியைக் கேட்டிருக்கிறார்.

நல்லவேளையாக 2025-இல் ரெப்போ நான்கு தடவை இறங்கி டிசம்பரில் 5.25-க்கு வந்துவிட்டது. உங்கள் வங்கி இஎம்ஐ-யைக் குறைக்காமல் தவணைகளைக் குறைத்திருக்கிறது, அதனால்தான் இப்போது 227. இது நல்லதுதான், அதை அப்படியே விடுங்கள். இந்த மாதம் அசலுக்கு 5,306 போகும். நான்கு வருடம் கழித்து, முதல் மாதம் நின்ற இடத்துக்குக் கிட்டத்தட்ட திரும்பி வந்திருக்கிறீர்கள்.

அந்தக் காப்பீட்டையும் சொல்லிவிடுகிறேன். 80,000 ரூபாயைக் கடனோடு சேர்த்ததால் அதற்கு மட்டும் மாதம் 615 ரூபாய். பழைய 20 வருடக் கணக்கிலேயே 1,47,700 ஆகிறது. காப்பீடு வேண்டும்தான், வேண்டாம் என்று சொல்ல மாட்டேன். தனியாக டேர்ம் பாலிசி, அதாவது குறிப்பிட்ட காலத்துக்கான ஆயுள் காப்பீடு, எடுத்து வருடா வருடம் கட்டியிருக்கலாம்.

மதுரை மீனாட்சி எழுதியது:

இதே கதைதான் எங்களுக்கும், ஆனால் நாங்கள் கொஞ்சம் சீக்கிரம் முழித்துக்கொண்டோம். கையில் ஒரு தொகை வந்தால் அசலில் கட்டுங்கள். மாறும் வட்டியில் தனிநபர் வாங்கிய வீட்டுக் கடனுக்கு முன்கூட்டிக் கட்டினால் அபராதம் கிடையாது, யாராவது கேட்டால் கொடுக்காதீர்கள்.

ஆனால் ஒன்று. நான் முதல் தடவை 1 லட்சம் கட்டிவிட்டு நிம்மதியாக வீட்டுக்கு வந்துவிட்டேன். அடுத்த மாதம் பார்த்தால் இஎம்ஐ-யைக் குறைத்து வைத்திருக்கிறார்கள், தவணை அப்படியே இருக்கிறது! மறுபடி லீவு போட்டுக் கிளைக்குப் போய், "தவணைக் காலத்தைக் குறைக்கவும், இஎம்ஐ மாற வேண்டாம்" என்று கையால் எழுதிக் கொடுத்துச் சீல் வாங்கி வந்தேன். இப்போதெல்லாம் பணம் கட்டும் நாளிலேயே கடிதமும் கொண்டு போகிறேன், கூடவே ஒரு ஜெராக்ஸ்.

ரிட்டயர்டு கேஷியர் எழுதியது:

இந்த அம்மா சொல்வது நூற்றுக்கு நூறு. பனியன்ஊரான் தம்பிக்கு அந்தக் கணக்கு: இன்றைக்கு 1 லட்சம் அசலில் கட்டினால் கடைசியில் கிட்டத்தட்ட 18 தவணை உதிர்ந்துவிடும். 18 தடவை 24,641, பெருக்கிப் பார்த்துக்கொள்ளுங்கள்.

ஆனாலும் உங்கள் நகைக்கடன் 9 சதவீதம் என்கிறீர்கள், வீட்டுக் கடன் 8.15. பெரிய தொகை கையில் வந்தால் முதலில் நகையை மீட்டுவிடுங்கள். கணக்குப்படியும் அதுதான் சரி, வீட்டம்மாவின் கழுத்துப்படியும் அதுதான் சரி.

வாடகை வீடே சொர்க்கம் எழுதியது:

எல்லோரும் ரொம்பப் பயமுறுத்துகிறீர்கள். 15 வருடம் கழித்து 24,641 ஒரு தொகையாகவா இருக்கும்? உங்கள் சம்பளம் ஏறும், இஎம்ஐ அந்த அளவுக்கு ஏறாது. அந்தக் கூடுதல் பணத்தை மியூச்சுவல் ஃபண்டில் போட்டால் 12 சதவீதம் கிடைக்கும், 8.15 சதவீதக் கடனை எதற்கு அவசரமாக அடைக்க வேண்டும்? நான் மேடவாக்கத்தில் வாடகைக்கு இருக்கிறேன். போர்வெல் காய்ந்தால் ஓனர் கவலைப்படட்டும்.

ரிட்டயர்டு கேஷியர் எழுதியது:

பணத்தின் மதிப்பு குறையும் என்பது உண்மைதான், மறுக்கவில்லை. 12 சதவீதம் கிடைக்கும் என்று யாரும் எழுதிக் கொடுக்க மாட்டார்கள், 8.15 போகும் என்று இவர் கையெழுத்தே போட்டிருக்கிறார். அப்புறம், மிச்சத்தை முதலீடு செய்கிறேன் என்று சொல்லிவிட்டுப் போனவர்கள் நிறையப் பேரை எனக்குத் தெரியும். பாதிப் பேர் வாசலில் புது பைக் நின்றது.

ஆடிட்டர் ஆபீஸ் எழுதியது:

சின்னத் தகவல். வரிச் சலுகை இருப்பதால் கடனை வைத்துக்கொள்ளலாம் என்று யாராவது சொன்னால் முதலில் உங்கள் சம்பளத்தைப் பாருங்கள். வட்டிக்கு 2 லட்சம் வரை கழிவு என்பது சொந்தக் குடியிருப்புக்குப் பழைய வரி முறையில்தான். புதிய முறையில் அது கிடையாது. புதிய முறையில் 2025 ஏப்ரலிலிருந்து 12 லட்சம் வரை வருமானம் உள்ளவருக்கு, சம்பளக்காரர் என்றால் 12.75 லட்சம் வரை, வரியே வராது. கட்டாத வரியில் எதை மிச்சம் பிடிப்பது?

பனியன்ஊரான் எழுதியது:

ஆடிட்டர் சார், என் சம்பளம் மாதம் 55,000. எனக்கு வரியே கிடையாது. வரி மிச்சமாகும் என்று வீடு வாங்கும்போது புரோக்கர் சொன்னதை நினைத்தால் இப்போது சிரிப்பு வருகிறது.

கேஷியர் ஐயா, மிக்க நன்றி. 147 ரூபாய்க் கணக்கை அம்மாவிடம் சொன்னேன். கொஞ்ச நேரம் பேசவில்லை. ஒரு சந்தேகம், பழையபடி 2041-லேயே முடிக்க வழி இருக்கிறதா? பெரிய தொகை இப்போதைக்கு வராது.

ரிட்டயர்டு கேஷியர் எழுதியது:

இருக்கிறது. 240-இல் 51 போனால் 189. பாக்கியை 189 மாதத்தில் முடிக்க இஎம்ஐ 26,789 ஆக வேண்டும். மாதம் 2,148 கூடுதல். அப்படிச் செய்தால் இனிமேல் கட்டுவது மொத்தம் 50,63,000 சொச்சம். இப்படியே விட்டால் 55,90,000. வட்டி மறுபடி ஏறினால் இரண்டுமே மாறும், அதையும் மனதில் வையுங்கள்.

கிளையில் மறுக்க மாட்டார்கள். வட்டி மாறும்போது இஎம்ஐ-யைக் கூட்டுவதா, காலத்தை நீட்டுவதா என்று வாடிக்கையாளரிடம் கேட்க வேண்டும் என்று 2023 ஆகஸ்ட்டில் ரிசர்வ் வங்கி சொல்லிவிட்டது. மூன்று மாதத்துக்கு ஒரு தடவை, இதுவரை எவ்வளவு அசல், எவ்வளவு வட்டி, இன்னும் எத்தனை தவணை என்று ஸ்டேட்மென்ட்டும் தர வேண்டும். உங்கள் மெயிலில் எங்காவது தூங்கிக்கொண்டிருக்கும், தேடுங்கள்.

வேறு வங்கிக்கு மாற்றலாமா என்று அடுத்துக் கேட்பீர்கள். முதலில் உங்கள் கிளையிலேயே, புதிதாக வருகிறவருக்கு என்ன வட்டி கொடுக்கிறீர்கள் என்று கேளுங்கள். வித்தியாசம் கொஞ்சம்தான் என்றால் மாற்ற வேண்டாம். புது வங்கியின் பிராசசிங் கட்டணம், வக்கீல் கருத்து, சார்பதிவாளர் அலுவலகத்தில் பழைய கடன் தீர்ந்ததற்கு ரசீதுப் பத்திரம், புதுக் கடனுக்கு மறுபடி மூலப்பத்திர ஒப்படைப்புப் பதிவு என்று அலைச்சலும் செலவும் வரும்.

பனியன்ஊரான் எழுதியது:

நேற்று அரை நாள் லீவு போட்டுக் கிளைக்குப் போனேன். மீனாட்சி அக்கா சொன்னபடி கடிதமும் ஜெராக்ஸும் கையில். மெயிலைத் தேடியதில் எட்டு ஸ்டேட்மென்ட் கிடைத்தது, ஒன்றைக்கூட நான் திறந்திருக்கவில்லை.

கவுண்டரில் இருந்த பெண் முதலில், "இஎம்ஐ-யைக் குறைக்கணுமா சார்?" என்று கேட்டார். கூட்ட வேண்டும் என்றதும் ஒரு தடவை நிமிர்ந்து பார்த்தார். ஜனவரித் தவணை ஏற்கெனவே போய்விட்டதால் கணக்கு கொஞ்சம் மாறுகிறது. பிப்ரவரியிலிருந்து 26,810, மொத்தம் 188 தவணை. புதியவர்களுக்கான வட்டியையும் கேட்டேன். மேனேஜர் அடுத்த வாரம் வரச் சொல்லியிருக்கிறார்.

கூடுதல் பணத்துக்கு என்ன செய்வது என்று யோசித்துக்கொண்டிருந்தபோது அம்மாதான் சொன்னார், பொங்கலோடு அவருடைய 2,500 ரூபாய்ச் சீட்டு முடிகிறதாம். தீபாவளி போனஸ் வந்தால் நகைக்கு என்று மனைவி இப்போதே சொல்லி வைத்துவிட்டாள்.

நோட்டில் சீட்டுக் கணக்கு இருந்த பக்கத்தை அடித்துவிட்டு, அதற்குக் கீழே அம்மா "வீடு 188" என்று எழுதி வைத்திருக்கிறார்.