கியோக்கா சுய்கெட்சு: ஒளியை வளைக்கும் வாளா, அறிவை வளைக்கும் வாளா?

நீர்நிலவு:
டைட்டே குபோ 2001 முதல் 2016 வரை தொடராக வரைந்த 'பிளீச்' என்ற ஜப்பானியச் சித்திரக்கதையில் (மாங்கா) வரும் வில்லன் சோசுகே ஐசெனின், எதிரியின் ஐம்புலன்களையும் ஏமாற்றும் வாளை ஒளி ஆயுதங்களின் வரிசையில் நான் சேர்த்திருந்தேன். அது மனத்தை வசியம் செய்யும் வாளே அன்றி ஒளிக்கும் அதற்கும் உறவில்லை என்று உரைகல் நேற்று மறுத்திருந்தார். முதலில் அதன் பெயரைப் பாருங்கள். கியோக்கா சுய்கெட்சு என்பதற்கு ஆடியில் தெரியும் பூ, நீரில் தெரியும் நிலவு என்று பொருள். இரண்டுமே எதிரொளிப்பால் உண்டாகும் பிம்பங்கள். பெயரை விடுங்கள், நிபந்தனையைப் பாருங்கள். அவ்வாள் 'ஷிகாய்' என்ற, ஆற்றல் வெளிப்படும் நிலைக்கு விடுவிக்கப்படுவதை ஒருமுறையேனும் கண்ணால் கண்டவர் மட்டுமே அதற்கு ஆட்படுவார். ஐசெனின் கூட்டாளியான பார்வையற்ற தோசெனிடம் அதன் ஆற்றல் செல்லாததற்கு வேறு காரணம் ஏதுமில்லை. கண் வழியாக மட்டுமே நுழையக்கூடிய ஒன்றை ஒளி என்று சொல்லாமல் வேறு என்னவென்று சொல்வது?

உரைகல்:
ஐசென் எதை நம்பவைக்க விரும்பினாரோ அதையே நீங்கள் நம்புகிறீர்கள் என்பதை வருத்தத்துடன் சொல்ல வேண்டியிருக்கிறது. தம் வாள் நீர்வகையைச் சேர்ந்தது என்றும், மூடுபனியிலும் நீரோட்டத்திலும் ஒளி தாறுமாறாக எதிரொளிப்பதால் பகைவர் குழம்பித் தம்மவரையே வெட்டிக்கொள்வர் என்றும் தம் படையின் துணைக் கேப்டன்களை அழைத்து விளக்கியவர் அவர்தான். விளக்கியதோடு நில்லாமல் வாளை விடுவித்தும் காட்டினார். அந்தச் செயல்விளக்கமே வசியச் சடங்கு என்பது பின்னால்தான் மருத்துவப் பிரிவின் கேப்டனான உனோஹானாவுக்குப் புலப்படுகிறது. ஆக, ஒளி என்ற விளக்கம் கதைக்குள்ளேயே ஒரு பொய்யாக வைக்கப்பட்டிருக்கிறது.

அதைவிட வலுவான சான்று போலிக் கரகுரா நகரப் போரில் இருக்கிறது. ஐசெனைக் குத்திவிட்டதாக எண்ணிக் கேப்டன் ஹிட்சுகாயா தம் இளமைக்காலத் தோழி ஹினாமோரியைக் குத்துகிறார். சுற்றி நின்ற கேப்டன்கள் எவருக்கும் ஐயம் எழவில்லை. "எல்லோரும் என்ன செய்கிறீர்கள்?" என்று அலறுபவன் கதாநாயகன் இச்சிகோ ஒருவனே, ஏனெனில் அவன் மட்டும் ஷிகாயைப் பார்த்ததில்லை. அவர்களுக்கு இடையே இருந்தது ஒரே காற்று, ஒரே பகல் வெளிச்சம். ஒளி வளைக்கப்பட்டிருந்தால் அது இச்சிகோவின் கண்ணிலும் அவ்வாறே விழுந்திருக்க வேண்டும் அல்லவா?

நீர்நிலவு:
இச்சிகோவைப் பற்றிய பகுதிக்கு என்னிடம் மறுமொழி இல்லை, ஒப்புக்கொள்கிறேன். வாளைச் சுற்றியுள்ள வெளியில் ஒளி திரிக்கப்படவில்லை. ஆயினும் பார்வை என்ற ஒரே வாயிலைப் பிடித்துக்கொண்டால் மற்றப் புலன்களைத் தனித்தனியே வசப்படுத்தத் தேவையில்லை என்பதே என் வாதத்தின் உயிர்நாடி. 1976ஆம் ஆண்டில் மெக்கர்க், மெக்டொனால்டு என்ற இருவர் வெளியிட்ட ஆய்வை நினைவுபடுத்துகிறேன். ஒலிப்பதிவில் 'பா' என்ற ஓசையும் படத்தில் 'கா' என்று அசையும் உதடுகளும் சேர்த்துக் காட்டப்பட்டபோது, பார்த்தவர்களுள் பெரும்பாலானோருக்கு இரண்டுமல்லாத 'டா' கேட்டது. 1998இல் பாட்வினிக்கும் கோகனும் செய்த ரப்பர் கைச் சோதனையும் அத்தகையதே. தன் கையை மறைப்புக்குப் பின்னால் வைத்துக்கொண்டு, எதிரே ரப்பர் கை வருடப்படுவதைப் பார்த்தவர், அந்த வருடலை ரப்பர் கையிலேயே உணர்ந்தார். கண் ஏமாந்தால் செவியும் தோலும் பின்தொடர்கின்றன. எனவே ஒளி ஆயுதம் ஒன்று ஐம்புலனையும் ஆள்வதில் வியப்பில்லை.

உரைகல்:
நல்ல எடுத்துக்காட்டுகள்தாம், ஆனால் அவற்றில் ஒன்றை விட்டுவிட்டீர்கள். ரப்பர் கை வருடப்படும் அதே நேரத்தில் மறைவிலுள்ள உண்மைக் கையும் தூரிகையால் வருடப்படுகிறது. தொடுகை அங்கே உண்மையிலேயே இருக்கிறது. அது நிகழும் இடத்தைத்தான் பார்வை மாற்றுகிறது. மெக்கர்க் சோதனையிலும் ஓர் ஓசை இருக்கத்தான் செய்கிறது. இல்லாத உணர்வைப் பார்வை மட்டும் படைத்துத் தந்ததாக இவ்விரண்டிலிருந்தும் கொள்ள இயலாது.

இனி, தாம் கொல்லப்பட்டதாக நம்பவைக்க ஐசென் காட்டிய 'சடலத்துக்கு' வாருங்கள். சுவரில் குத்தி நிறுத்தப்பட்டிருந்த அந்த உடலை உனோஹானா போன்ற மருத்துவர் கையால் தொட்டுச் சோதித்தார். உண்மையில் அது வாள். ஏறத்தாழ ஒரு கிலோ எடையுள்ள இரும்பு, வளர்ந்த ஆண்மகனின் உடலாகக் கனத்திருக்க வேண்டும். பார்வையின் செல்வாக்கு இங்கே உங்களுக்கு உதவாது, கெடுதலே செய்யும். 1891இல் சார்பாந்தியே விவரித்த எடை மயக்கத்தின்படி, ஒரே எடையுள்ள இரு பொருள்களில் பெரிதாகத் தெரிவதே தூக்கும்போது இலேசாகத் தோன்றும். உடலளவாகக் கண்ணுக்குத் தெரிந்த வாள், வாளை விடவும் இலேசாக அல்லவா இருந்திருக்கும்? அந்தக் கனம் கண் வழியே வரவில்லை. நேரே அறிவில் எழுதப்பட்டது.

பாதசாரி:
ஐசெனுடன் இருந்துகொண்டே அவரைக் கொல்லக் காத்திருந்த ஜின்னை இருவரும் மறந்துவிட்டீர்கள். வசியம் பற்றிக்கொள்ளும் முன் வாளின் அலகைத் தொட்டிருப்பதே அதிலிருந்து தப்பும் ஒரே வழி என்பதை அறிய அவருக்குப் பல பத்தாண்டுகள் பிடித்தன. தொல்காப்பியர் உயிர்களை வகுத்தபோது உற்றறிதலை (தொட்டுணர்தலை) முதலிலும் காண்டலை நான்காவதிலும் வைத்தார். குபோ அதைப் படித்திருக்க வாய்ப்பில்லை, இருந்தாலும் நான்காம் அறிவால் நுழைந்ததை முதலறிவு தடுக்கும் இந்த அமைப்பு எனக்குப் பிடித்திருக்கிறது. உரைகல் சொல்வதுபோல எல்லாம் அறிவிலேயே நிகழ்வதாயின், விரல்நுனி இரும்பில் பட்டதால் என்ன மாறிவிடப் போகிறது?

உரைகல்:
கடினமான கேள்வி. வசியத்துக்கு ஓர் ஆதாரப் பொருள் தேவைப்படுகிறது, அப்பொருளை முன்கூட்டியே மெய்யாக அறிந்துகொண்ட அறிவை அதனால் வளைக்க முடிவதில்லை என்று சொல்லிப் பார்க்கலாம். என் விளக்கம் சற்று மெலிந்திருப்பதை நானே உணர்கிறேன்.

நீர்நிலவு:
எடை மயக்கத்தைப் படித்த பிறகு 'ஒளி ஆயுதங்கள்' என்ற பழைய தலைப்பை அப்படியே வைத்திருக்க மனம் வரவில்லை. வாளைப் பட்டியலிலிருந்து நீக்கப்போவதில்லை. 'ஒளியால் தொடங்குபவை' என்று ஒரு பிரிவு வகுத்து, கண்டவரைக் கல்லாக்கும், கிரேக்கப் புராணத்து மெடூசாவின் தலைக்கு அருகில் வைக்கிறேன். அதை எழுதும்போதே ஒன்று தோன்றியது. அவளைக் கொன்ற வீரன் பெர்சியூஸ் அவளை நேரே பார்க்காமல் கேடயத்தில் விழுந்த பிம்பத்தில் பார்த்ததால் பிழைத்தான். ஷிகாயை ஒருவர் ஆடியில் மட்டும் பார்த்தால் சிக்குவாரா? சிக்கினால், கண்ணில் விழும் ஒளிக்கோலமே போதுமானது என்றாகும். தப்பினால், ஒளியல்லாத ஏதோ ஒன்றும் வாளிலிருந்து அவரை வந்தடைய வேண்டும்.

உரைகல்:
'ஆடியில் பூ' என்று பெயர் வைத்துக்கொண்டு ஆடியில் பார்த்தவரைத் தப்பவிடாது என்றே கருதுகிறேன். அந்த அளவுக்கு ஒரு புள்ளி உங்களுக்கு. ஆனால் ஷிகாயை அச்சுப் பிசகாமல் வரைந்த ஓவியத்தைப் பார்த்தவரும் சிக்குவாரா என்று கேட்டால் என்ன சொல்வீர்கள்? ஷிகாய் வரையப்பட்ட மாங்கா அத்தியாயத்தை நாம் மூவருமே பலமுறை பார்த்திருக்கிறோம்.