முன்மாதிரிகளைப் படிப்பதால் துணிவு வந்துவிடுமா?

கேள்வி: டிபன் பாக்ஸ்காரி

பள்ளி நாட்களில் மருத்துவர் முத்துலட்சுமி ரெட்டியைப் பற்றி மூன்று முறை பேச்சுப் போட்டியில் பேசிப் பரிசு வாங்கியிருக்கிறேன். அவற்றுள் ஒன்று எவர்சில்வர் டிபன் பாக்ஸ். இன்றும் அதில்தான் அலுவலகத்துக்குச் சோறு கொண்டுபோகிறேன். 1886இல் புதுக்கோட்டையில் பிறந்தார், ஆண்கள் மட்டுமே படித்த மன்னர் கல்லூரியில் எதிர்ப்புக்கு நடுவே சேர்ந்தார், 1912இல் சென்னை மருத்துவக் கல்லூரிப் படிப்பை முடித்தார், சென்னை மாகாணச் சட்டசபையின் முதல் பெண் துணைத்தலைவரானார் என்று தூக்கத்தில் எழுப்பிக் கேட்டாலும் ஒப்பிப்பேன்.

சென்ற மாதம் நான் வேலை பார்க்கும் நிறுவனத்தில் ஒரு கூட்டம் நடந்தது. ஒரு தொகை தவறிப்போனதற்காக என்னுடன் பணியாற்றும் பெண்ணை மேலாளர் இருபது பேர் முன்னிலையில் கடுமையாகப் பேசினார். தவறு அவருடையது அன்று. நான் தயாரித்த அட்டவணையிலேயே அந்தத் தொகை பிசகியிருந்தது. அட்டவணை அப்போது என் மடிக்கணினித் திரையில் திறந்துதான் இருந்தது. நான் அதை மெதுவாக மூடினேன். அன்று மதியம் டிபன் பாக்ஸைத் திறக்கவே பிடிக்கவில்லை.

துணிவுள்ளவர்களின் வாழ்க்கையை இவ்வளவு படித்தும் எனக்குள் எதுவும் இறங்கவில்லையே, அப்படியானால் முன்மாதிரி என்று நாம் சொல்வதெல்லாம் வெறும் அலங்காரம்தானா என்று உண்மையாகவே தெரிந்துகொள்ள விரும்புகிறேன்.

பதில்: ஓய்வுபெற்ற தமிழாசிரியர்

அம்மா, இருபத்தைந்து ஆண்டுகள் பேச்சுப் போட்டிகளுக்கு நடுவராக உட்கார்ந்தவன் என்ற முறையில் இந்தக் குற்றத்தில் எனக்கும் பங்குண்டு. பிறந்த ஆண்டில் தொடங்கி விருதுகளில் முடிக்கும் பேச்சுக்குத்தான் நாங்கள் மதிப்பெண் போட்டோம். நடுவில் கிடக்கும் ஆண்டுகளை யாரும் பேசுவதில்லை, மணி அடித்துவிடுவோம்.

அந்த நடு ஆண்டுகளைக் கொஞ்சம் பாருங்கள். அம்மையாரின் தங்கை 1923இல் புற்றுநோயால் இறந்தார். நோய் இன்னதென்று முதலில் சரியாகக் கண்டறியப்படவில்லை. வீட்டில் மருத்துவராக அக்காள் இருந்தும் காப்பாற்ற முடியவில்லை. புற்றுநோய்க்கென்று ஒரு மருத்துவமனை வேண்டும் என்ற எண்ணம் அங்கே தொடங்கியது. அடையாறு புற்றுநோய் மருத்துவமனைக்கு நேரு அடிக்கல் நாட்டியது 1952இல். அது திறக்கப்பட்டது 1954இல். இடையில் முப்பத்தொரு ஆண்டுகள். தேவதாசி முறை விஷயத்திலும் இதே கதைதான். பொட்டுக்கட்டும் வழக்கத்துக்கு எதிராக அவர் சட்டசபையில் முழங்கியது நமக்கு நினைவிருக்கிறது. காந்தியடிகள் கைதானதைக் கண்டித்து 1930இல் அவர் பதவி விலகிவிட்டார் என்பதும், அந்த வழக்கத்தைத் தடுக்கும் சட்டம் 1947இல்தான் நிறைவேறியது என்பதும் நினைவிருப்பதில்லை.

உங்கள் கேள்விக்கு என் பதில் மருத்துவர் வி. சாந்தா. புற்றுநோய் மருத்துவமனை பன்னிரண்டு படுக்கைகளோடு இருந்த 1955ஆம் ஆண்டில், கையில் கிடைத்திருந்த அரசு மருத்துவமனைப் பணியை ஏற்காமல் அங்கே போய்ச் சேர்ந்தார். அப்போது அவருக்கு வயது இருபத்தெட்டு. முத்துலட்சுமி அம்மையாரின் மகன் மருத்துவர் கிருஷ்ணமூர்த்தி அங்கே பணியாற்றிக்கொண்டிருந்தார். அம்மையாரும் உயிரோடு இருந்து அலைந்துகொண்டிருந்தார். 2021 ஜனவரியில் தமது 93ஆம் வயதில் இறக்கும்வரை சாந்தா அந்த வளாகத்தைத் தம் வீடாகவே கொண்டிருந்தார். அம்மையாரைப் பற்றிப் படித்த ஆயிரம் பேருக்கு வாய்க்காதது அவருக்கு வாய்த்தது எப்படி என்றால், அவர் படித்ததோடு நிற்காமல் அந்த வேலைக்குள்ளேயே போய் உட்கார்ந்தார் என்றுதான் எனக்குப் படுகிறது. பணம் இல்லாமல், இடம் போதாமல், குணமாகாது என்று கைவிடப்பட்டவர்கள் வாசலில் வந்து நிற்க, அவர்களுக்கு இன்று என்ன செய்வது என்று மூத்தவர்கள் முடிவெடுப்பதை நாள்தோறும் பக்கத்தில் நின்று பார்க்கும்போது ஒட்டிக்கொள்வது வேறு. மேடையில் கையை வீசிப் பேசும்போது ஒட்டிக்கொள்வது வேறு. நீங்கள் அம்மையாரிடமிருந்து பேச்சைக் கற்றீர்கள். நாங்கள் கற்றுக்கொடுத்ததும் அதைத்தான்.

பதில்: இரவுப்பணிச் செவிலி

ஆசிரியர் ஐயா சொல்வதை ஏற்கிறேன், ஆனால் ஒன்று விட்டுப்போயிற்று. முத்துலட்சுமி அம்மையார் கல்லூரியில் சேர்ந்தபோது தந்தை நாராயணசாமி துணை நின்றார். அவரே கல்வித்துறையில் பெரிய பொறுப்பில் இருந்தவர். எதிர்ப்பை மீறி அனுமதி தந்தவர் மார்த்தாண்ட பைரவத் தொண்டைமான், அதாவது ஊரின் மன்னரே. 1914இல் மணம் முடித்தபோது, தம்மைச் சமமாக நடத்த வேண்டும், தம் விருப்பங்களுக்குக் குறுக்கே நிற்கக் கூடாது என்று அம்மையார் கேட்டதற்கு மருத்துவர் சுந்தர ரெட்டி உடன்பட்டார். அம்மையாரின் துணிவை நான் குறைத்துச் சொல்லவில்லை. முதுகுக்குப் பின்னால் ஒரு சுவர் இருந்தது என்கிறேன். வீட்டுக் கடன் தவணையை நினைத்துக்கொண்டே கூட்டத்தில் உட்கார்ந்திருப்பவர் தம்மை அவரோடு நேரே ஒப்பிட்டு நொந்துகொள்வது நியாயம் ஆகாது.

எனக்குத் துணிவு என்று ஏதாவது இருந்தால் அது பெயர் வெளியே தெரியாத ஒரு மூத்த செவிலியிடமிருந்து வந்தது. நான் வேலைக்குச் சேர்ந்த புதிதில், ஒரு நள்ளிரவில், மருந்துச் சீட்டில் அளவு வழக்கத்தைவிடக் கூடுதலாக எழுதப்பட்டிருந்தது. எழுதிய மருத்துவர் சிடுசிடுப்பானவர், அன்று தூக்கமும் இல்லாதவர். அந்த அக்கா குரலை உயர்த்தவில்லை, தவறு என்றும் சொல்லவில்லை. சீட்டை அவர் முன் விரித்து, அந்த வரியின் கீழே விரலை வைத்து, “சார், ஒருமுறை பார்த்துடுங்க” என்றார். அவர் எரிந்து விழுந்தார். அக்கா விரலை எடுக்கவில்லை. கடைசியில் அவர் பார்த்தார், திருத்தினார், ஒன்றும் பேசாமல் போனார். அக்கா அடுத்த படுக்கைக்கு நகர்ந்துவிட்டார். அந்த விரலை நான் பல முறை இரவல் வாங்கியிருக்கிறேன்.

பதில்: வேறு கோணம்

உரையாடல் நன்றாகப் போகும்போது குறுக்கிடுவதற்கு மன்னிக்கவும். முத்துலட்சுமி அம்மையாரின் சட்ட முயற்சியைத் தேவதாசி மரபைச் சேர்ந்த பெண்களே எதிர்த்தார்கள் என்பதையும் பேச வேண்டும். அவர்களுள் முக்கியமானவர் பெங்களூர் நாகரத்தினம்மாள். இந்த அம்மாளும் கோழை இல்லை. முத்துப்பழனி எழுதிய ‘ராதிகா சாந்தவனமு’ என்னும் தெலுங்குக் காவியத்தை 1910இல் முழுமையாகப் பதிப்பித்து, ஆபாசம் என்ற கூச்சலையும் அரசின் தடையையும் எதிர்கொண்டவர். திருவையாற்றில் தியாகராஜருக்குச் சமாதிக் கோயில் எழுப்பியதோடு, பெண்கள் பாட இடமில்லாதிருந்த ஆராதனையில் அவர்களைப் பாடவும் வைத்தவர். தங்கள் கலையும் சொத்துரிமையும் ஒரே அடியில் போய்விடும் என்ற அச்சம் அவர் தரப்புக்கு இருந்தது. அது வெறும் பிடிவாதம் என்று தள்ளக்கூடியதன்று. ஆனாலும் சிறுமிகளைக் கேட்காமலே பொட்டுக்கட்டும் வழக்கம் ஒழிய வேண்டியதுதான் என்பதில் நான் முத்துலட்சுமி அம்மையாரின் பக்கமே நிற்கிறேன்.

இதை இங்கே ஏன் சொல்கிறேன் என்றால், ஒருவரைத் தெய்வமாக்கிவிட்டால் அவரிடம் கற்பது நின்றுபோகிறது. எதிரே நின்றவரும் அதே அளவு துணிவுள்ளவர் என்று தெரியும்போதுதான் அவர் எதை எடைபோட்டு எந்தப் பக்கம் போனார் என்று யோசிக்கத் தோன்றுகிறது. கேள்வி கேட்டவருக்கும் அன்று துணிவு மட்டும் குறைந்திருக்காது. அந்தக் கணத்தில் சரியானதைச் சொல்லும் விதம் கைவசம் இல்லாமல் இருந்திருக்கலாம்.

கேள்வி கேட்டவர் மீண்டும்

அனைவருக்கும் நன்றி. விதம் கைவசம் இல்லை என்ற வரியையும் செவிலியக்காவின் விரலையும் இரண்டு நாட்களாக நினைத்துக்கொண்டிருந்தேன். அம்மையாருக்கு இருந்த சுவர் எனக்கு இல்லை என்பது ஆறுதலாகத்தான் இருந்தது, ஆனால் அந்தப் பெண்ணுக்கு அன்று என்னளவுகூடச் சுவர் இல்லை.

நேற்று மாலை கூட்டக் குறிப்பை எடுத்து, தவறிய தொகை என் அட்டவணையில் எந்த வரியில் இருக்கிறது என்று மஞ்சள் வண்ணமிட்டு, அதைத் தயாரித்தது நான் என்று எழுதி, கூட்டத்துக்கு வந்திருந்த இருபது பேருக்கும் சேர்த்து மேலாளருக்கு அனுப்பினேன். கடைசி வரியாக, “ஒருமுறை பார்த்துவிடுங்கள்” என்றே எழுதினேன். அனுப்பும் பொத்தானை அழுத்துவதற்குமுன் இரண்டு முறை எழுந்துபோய்த் தண்ணீர் குடித்தேன்.

மேலாளரிடமிருந்து இன்னும் பதில் வரவில்லை. அந்தப் பெண் இன்று மதியம் தம் சாப்பாட்டை எடுத்துக்கொண்டு என் மேசைக்கு வந்தார்.